பட்டருக்கு அனுமதி கேட்ட பாண்: ஜேர்மனியின் ஷ்டொலனும் அதை வீட்டில் சுடும் முறையும்

ஒரு பாணுக்குள் பட்டர் சேர்க்கலாமா, கூடாதா? இன்று யாரும் கேட்காத இந்தக் கேள்விக்கு அனுமதி வேண்டி, ஜேர்மனியின் சக்சனிப் பகுதியை ஆண்டவர்கள் ஒரு காலத்தில் ரோமாபுரிக்குக் கடிதம் எழுதினார்கள். 1491ஆம் ஆண்டில் பாப்பரசர் எட்டாம் இன்னசென்ட் அதற்குப் பதில் அனுப்பினார். அந்தப் பதில் இன்றும் 'பட்டர் கடிதம்' என்றே அழைக்கப்படுகிறது. அதன் மையத்தில் இருந்த பாணின் பெயர் ஷ்டொலன்.

ஜேர்மனியில் உறவினர்கள் இருக்கும் பல குடும்பங்களுக்கு இந்தப் பாண் புதிதல்ல. நத்தார் காலத்தில் வரும் பொதிகளில் சொக்லேட்டுகளுக்கு நடுவே, வெள்ளைச் சீனித் தூளில் புரட்டியெடுத்த, செங்கல் போலப் பாரமான ஒரு நீள்வட்டப் பண்டம் இருக்கும். கேக் என்று நினைத்து வெட்டினால் கேக் போல மிருதுவாக இருக்காது. பாண் என்று நினைத்தால் பாணுக்குரிய காற்றோட்டம் இருக்காது. பழசாகிவிட்டது போலும் என்று ஒதுக்கி வைப்பவர்களும் உண்டு. உண்மையில் அது பழசாகவே செய்யப்படுவது. சுட்ட அன்றே உண்பதற்கான பாண் அல்ல அது.

பாதாம் பருப்பும் முந்திரிகை வற்றலும் நிறைந்த இந்த இனிப்புப் பாண் எப்படி உருவானது, அதன் அளவுகளை யார் தீர்மானித்தார்கள், அதை நம் வீட்டு ஓவனில் சுட முடியுமா என்பவற்றை இந்தக் கட்டுரை விளக்குகிறது.

ருசியில்லாத ஆரம்பம்

ஷ்டொலன் பற்றிய மிகப் பழைய குறிப்பு 1329ஆம் ஆண்டுக்குரியது என்று சொல்லப்படுகிறது. நவும்பேர்க் நகர ஆயர், பேக்கரிக்காரர்களின் சங்கத்துக்குச் சில உரிமைகளை வழங்கினார். அதற்குப் பதிலாக நத்தாருக்கு நீளமான இரண்டு கோதுமைப் பாண்களை அவர்கள் அவருக்குக் கொடுக்க வேண்டும் என்பது நிபந்தனை. இன்று இந்தப் பாணின் தலைநகராகக் கருதப்படும் டிரெஸ்டனில், 1474ஆம் ஆண்டின் மருத்துவமனைக் கணக்கொன்றில் இது பதிவாகியிருக்கிறது.

இந்தப் பழைய பாணை இன்று உண்டால் நாம் முகம் சுளிப்போம். நத்தாருக்கு முந்தைய திருவருகைக் காலம் அன்று நோன்புக் காலமாக இருந்தது. பாலும் பட்டரும் விலக்கப்பட்டிருந்தன. ஆகவே மா, தண்ணீர், ஈஸ்ட், கொஞ்சம் எண்ணெய் ஆகியவற்றோடு பாண் முடிந்துவிட்டது. அந்த எண்ணெயும் ஒலிவ் எண்ணெய் அல்ல. ஒலிவ் மரம் வளராத குளிர்நாடான சக்சனியில் கிடைத்தது, கடுகு இனத்தைச் சேர்ந்த ஒரு செடியின் விதையிலிருந்து பிழிந்த எண்ணெய். விளக்கெரிக்கவும் அதுவே பயன்பட்டது. கசப்பும் வாடையும் உள்ள எண்ணெயில் குழைத்த பாண் எப்படி இருந்திருக்கும் என்பதை ஊகிக்கலாம்.

இத்தாலியிலோ தென் பிரான்ஸிலோ இருந்தவருக்குப் பட்டர் இல்லாத நோன்பு பெரிய சிரமமல்ல. அவருடைய சமையலே ஒலிவ் எண்ணெயில் நடந்தது. பசு மேய்ச்சலை நம்பி வாழ்ந்த வடக்கு ஐரோப்பியருக்கோ பட்டர்தான் அன்றாடக் கொழுப்பு. ஒரே விதி இருவருக்கும் ஒரே சுமையாக இருக்கவில்லை. சக்சனி ஆட்சியாளர்கள் ரோமாபுரியிடம் கேட்டதன் பின்னணி இதுதான்.

அனுமதிக்கு ஒரு விலை

பட்டர் கடிதம் அனுமதியைக் கொடுத்தது. ஆனால் எல்லோருக்கும் ஒரே மாதிரியாக அல்ல. ஆட்சியாளரின் குடும்பமும் அரண்மனையும் தண்டம் எதுவும் கட்டாமல் பட்டரைப் பயன்படுத்தலாம். மற்றவர்கள் ஆண்டுதோறும் ஒரு சிறு தொகையைச் செலுத்த வேண்டும். அந்தப் பணம் ஃபிறைபேர்க் நகரத்துப் பேராலயத்தின் கட்டுமானத்துக்குப் போனது.

இது சக்சனிக்கு மட்டும் உரிய ஏற்பாடு அல்ல. பிரான்ஸின் ரூவான் நகரப் பேராலயத்தில் ஒரு கோபுரத்துக்கு இன்றும் 'பட்டர் கோபுரம்' என்று பெயர். நோன்புக் காலத்தில் பட்டர் உண்ண அனுமதி பெற்றவர்கள் கொடுத்த பணம் அதன் கட்டுமானத்துக்கு உதவியதால் வந்த பெயர் அது.

வயிற்றுக்குள் போகும் கொழுப்புக்கும் அனுமதிச் சீட்டு விற்கப்பட்டது மக்கள் மனதில் கசப்பை ஏற்படுத்தியது. 1520ஆம் ஆண்டில் ஜேர்மன் பிரபுக்களை நோக்கி மார்ட்டின் லூதர் எழுதிய நூலில் இந்த விடயமும் வருகிறது. தங்கள் காலணிக்குக்கூடப் பூசாத எண்ணெயை எங்களை உண்ண வைத்துவிட்டு, பட்டர் உண்ணும் உரிமையை எங்களுக்கே விற்கிறார்கள் என்பது அவருடைய குற்றச்சாட்டின் சாரம். மதச் சீர்திருத்தத்துக்குப் பல பெரிய காரணங்கள் உண்டு. ஆனால் இறையியல் புரியாத ஒரு விவசாயிக்கும் பட்டர் புரிந்தது.

சக்சனி சீர்திருத்தத் திருச்சபையின் பக்கம் போன பிறகு நோன்பு விதி அங்கு வலுவிழந்தது. நோன்புப் பாணாக இருந்த ஷ்டொலன், பட்டரும் பருப்பும் பழமும் நிறைந்த பண்டிகைப் பாணாக மெல்ல மாறியது. வெள்ளைச் சீனி போர்த்திய அதன் மடிந்த உருவம், துணியில் சுற்றிய குழந்தை இயேசுவைக் குறிக்கிறது என்பது பரவலான விளக்கம்.

டிரெஸ்டன் நகரத்தின் நத்தார் சந்தைக்கும் இந்தப் பாணே பெயர் கொடுத்தது. 1434இல் தொடங்கிய அந்தச் சந்தையின் பெயர் 'ஷ்ட்ரீட்சல்மார்க்ட்'. ஷ்ட்ரீட்சல் என்பது ஷ்டொலனின் உள்ளூர்ப் பெயர்.

அரண்மனையும் அடுக்களையும்

தடையாக இருந்த பொருள் பிறகு பெருமைக்குரிய பொருளாகியது. 1730ஆம் ஆண்டில் சக்சனியை ஆண்ட 'வலிமைமிக்க' அகுஸ்டுஸ், டிரெஸ்டனுக்கு வடக்கே சைட்ஹைன் என்ற இடத்தில் பெரும் படை அணிவகுப்பும் விருந்தும் நடத்தினார். அந்த விருந்துக்காக ஏறத்தாழ 1.8 டன் எடையுள்ள ஒரே ஷ்டொலன் சுடப்பட்டது. அதற்கென்றே தனி ஓவன் கட்டப்பட்டது. வெட்டுவதற்கு 1.6 மீற்றர் நீளக் கத்தி செய்யப்பட்டது. இன்று டிரெஸ்டனில் 1994ஆம் ஆண்டு முதல் நடக்கும் ஷ்டொலன் திருவிழாவில் அந்த நிகழ்வை நினைவுபடுத்தி மாபெரும் ஷ்டொலன் ஊர்வலமாகக் கொண்டு செல்லப்படுகிறது.

ஆனால் இந்தப் பாணை நூற்றாண்டுகளாகக் காப்பாற்றி வைத்தது அரண்மனை அல்ல, சாதாரண வீடுகள்தான். சக்சனியில் பல வீடுகளில் போதிய அளவு ஓவன் இருக்கவில்லை. ஆகவே குடும்பங்கள் மாதக்கணக்கில் சேமித்த பாதாமையும் வற்றலையும் பட்டரையும் எடுத்துக்கொண்டு ஊர்ப் பேக்கரிக்குப் போயின. பேக்கரிக்காரர் மாவைக் குழைத்துச் சுட்டுக் கொடுப்பார். ஒரே ஓவனில் பல வீட்டுப் பாண்கள் வேகும்போது மாறிவிடக் கூடாது அல்லவா? அதற்காக ஒவ்வொரு குடும்பமும் தன் பெயரோ முதலெழுத்தோ பொறித்த சிறு தகரத் துண்டை மாவில் குத்தி வைக்கும். அந்தத் தகட்டை அடுத்த ஆண்டுக்குப் பத்திரப்படுத்தும். பழைய தகடுகள் இன்று அங்குள்ள வீடுகளில் நினைவுப் பொருள்களாக இருக்கின்றன.

சுட்ட பாண்களைப் பலகையில் அடுக்கிக் கவனமாக வீட்டுக்குக் கொண்டுவருவார்கள். வழியில் ஷ்டொலன் உடைந்தால் அந்த ஆண்டு குடும்பத்துக்கு ஆகாது என்றொரு நம்பிக்கையும் இருந்தது. அதில் நியாயமான ஒரு பயம் ஒளிந்திருக்கிறது. பல மாதச் சேமிப்பு ஒரு பலகையில் இருக்கும்போது யாருக்குத்தான் கை நடுங்காது?

மதிலுக்கு அப்பால் போன பொதிகள்

இருபதாம் நூற்றாண்டில் இந்தப் பாண் இன்னொரு தட்டுப்பாட்டைச் சந்தித்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஜேர்மனி இரண்டாகப் பிரிந்தது. டிரெஸ்டன் கிழக்கு ஜேர்மனிக்குள் போனது. ஷ்டொலனின் ஊர் அங்கே இருந்தது. அதற்குத் தேவையான பாதாம், முந்திரிகை வற்றல், தோடம்பழத் தோல் ஆகியவையோ வெளிநாட்டு நாணயம் கொடுத்து இறக்குமதி செய்ய வேண்டியவை. அந்த நாணயம் கிழக்கு ஜேர்மனியிடம் எப்போதும் பற்றாக்குறையாகவே இருந்தது.

அதற்கு இரண்டு வழிகள் கண்டுபிடிக்கப்பட்டன. ஒன்று அரசின் வழி. சீனிப்பாகில் ஊறவைத்த எலுமிச்சை இனத் தோலுக்குப் பதிலாகப் பச்சைத் தக்காளியையும் கரட்டையும் பாகில் இட்டு 'கண்டினாட்' என்ற பெயரில் பயன்படுத்தினார்கள். நம் நாட்டில் நத்தார் கேக்குக்குள் போடும் பூசணி தோசியை அறிந்தவர்களுக்கு இந்த உத்தி விளங்கும். சீனிப்பாகு ஏறினால் பல காய்கள் பழத்தின் வேலையைப் பார்த்துவிடும்.

மற்றது மக்களின் வழி. மேற்கு ஜேர்மனியில் இருந்த உறவினர்கள் ஒவ்வோர் ஆண்டும் மில்லியன் கணக்கான பொதிகளைக் கிழக்குக்கு அனுப்பினார்கள். 'அன்பளிப்புப் பொதி, வணிகப் பொருள் அல்ல' என்று அவற்றின் மேல் எழுத வேண்டும் என்பது விதி. நத்தாருக்கு முந்தைய பொதிகளில் கோப்பியோடு பாதாமும் வற்றலும் பாகிட்ட தோலும் இருக்கும். அவை வந்து சேர்ந்த பிறகு கிழக்கில் ஓவன்கள் சூடாகும். சில வாரங்களில் அதே பொருள்கள் ஷ்டொலனாக மாறி, பொதியாகக் கட்டப்பட்டு மேற்குக்குத் திரும்பிப் போகும். வாங்கியவர் வெறுங்கையாக இருக்கவில்லை. உழைப்பையும் கைப்பக்குவத்தையும் திருப்பி அனுப்பினார்.

1989இல் மதில் திறந்தபோது தட்டுப்பாடு முடிவுக்கு வந்தது. அதன் பின் வந்த கவலை வேறு. யார் வேண்டுமானாலும் மலிவான கொழுப்பில் சுட்டு 'டிரெஸ்டன்' என்ற பெயரில் விற்கலாமா என்பதே அது. பேக்கரிக்காரர்கள் 1991இல் ஒரு பாதுகாப்புச் சங்கம் அமைத்தார்கள். 2010இல் ஐரோப்பிய ஒன்றியம் டிரெஸ்டன் ஷ்டொலனுக்குப் புவியியல் குறியீட்டுப் பாதுகாப்பை வழங்கியது. 2022இல் இலங்கைக் கறுவாவுக்குக் கிடைத்ததும் இதே வகைப் பாதுகாப்புத்தான்.

எண்களில் இருக்கும் சமையல்

ஷ்டொலன் செய்முறைகளைக் குடும்பங்கள் இரகசியமாக வைத்திருப்பதாகச் சொல்வார்கள். அந்த இரகசியம் பெரும்பாலும் மசாலாவில்தான் இருக்கிறது. பாணின் எலும்புக்கூடு வெளிப்படையானது. டிரெஸ்டன் ஷ்டொலன் என்று விற்க வேண்டுமானால் 100 பங்கு மாவுக்குக் குறைந்தது 50 பங்கு பட்டர், 65 பங்கு முந்திரிகை வற்றல், 20 பங்கு பாகிட்ட தோல், 15 பங்கு பாதாம் இருக்க வேண்டும். மாஜரினுக்கும் செயற்கை வாசனைக்கும் இடமில்லை.

ஜேர்மனி முழுவதற்குமான உணவு வழிகாட்டி விதிகள் சற்றுத் தளர்வானவை. சாதாரண ஷ்டொலனுக்கு 30 பங்கு கொழுப்பு போதும். அது மாஜரினாகவும் இருக்கலாம். 'பட்டர் ஷ்டொலன்' என்று சொல்ல 40 பங்கு பட்டர் வேண்டும். 'பாதாம் ஷ்டொலன்' என்று சொல்ல 20 பங்கு பாதாம் வேண்டும்.

வீட்டில் சுடுபவருக்கு இந்த எண்கள் மிகவும் உதவும். பட்டர் விலை கையைக் கடித்தால் 30 பங்குக்கு இறங்கலாம். அதுவும் ஷ்டொலன்தான். கையில் எவ்வளவு மா இருக்கிறதோ அதை 100 என்று வைத்து மற்றவற்றைக் கணக்கிடலாம். கீழே உள்ள அளவு, டிரெஸ்டனின் பட்டரையும் பாதாம் ஷ்டொலனின் பருப்பையும் சேர்த்தது. ஏறத்தாழ 600 கிராம் எடையுள்ள இரண்டு பாண்கள் வரும்.

தேவையான பொருள்கள்

கோதுமை மா – 400 கிராம்
பட்டர் – 200 கிராம் (மேலே பூசத் தனியாக 75 கிராம்)
முந்திரிகை வற்றல் – 260 கிராம்
பாதாம் பருப்பு – 80 கிராம்
சீனிப்பாகில் இட்ட தோடம்பழத் தோல் – 80 கிராம்
பால் – 120 மில்லிலீற்றர்
உடனடி ஈஸ்ட் – 10 கிராம்
சீனி – 50 கிராம் (மேலே தூவத் தனியாக 50 கிராம்)
உப்பு – 5 கிராம்
ரம் அல்லது தோடம்பழச் சாறு – 3 மேசைக்கரண்டி
ஏலக்காய்த் தூள் – அரைத் தேக்கரண்டி
சாதிக்காய்த் தூள் – கால் தேக்கரண்டி
தேசிக்காய்த் தோல் துருவல் – ஒரு காயினது
ஆமண்ட் எசன்ஸ் – சில துளிகள்
ஐசிங் சீனி – 75 கிராம்

கடையில் நாம் 'பிளம்ஸ்' என்று கேட்டு வாங்கும் உலர்ந்த வற்றலே போதும். தோடம்பழத் தோல் கிடைக்காவிட்டால் பூசணி தோசியைச் சிறிதாக வெட்டிப் போடலாம். பாதாம் விலை கட்டாவிட்டால் பாதியைக் கஜுவாக மாற்றலாம். கஜு பாதாமை விட மென்மையானது என்பதால் பெரிய துண்டுகளாக வெட்டுங்கள்.

ஜேர்மன் செய்முறைகளில் கசப்புப் பாதாம் கொஞ்சம் சேர்ப்பார்கள். அந்தத் தனி மணம் அதிலிருந்துதான் வருகிறது. ஆனால் பச்சையான கசப்புப் பாதாம் உடலுக்குள் சயனைட் நஞ்சை வெளியிடும். சிறு பிள்ளைகளுக்குச் சில பருப்புகளே ஆபத்து. கேக்குக்குப் பயன்படுத்தும் ஆமண்ட் எசன்ஸ் சில துளிகள் விட்டால் அதே மணம் கிடைக்கும்.

முதல் நாள் இரவு

வற்றலைக் கழுவி, துடைத்து, ரம்மில் ஊறவிடுங்கள். சாறு பயன்படுத்துபவர்கள் பாத்திரத்தைக் குளிர்சாதனப் பெட்டிக்குள் வைப்பது நல்லது. நம் வெப்பத்தில் இரவோடு இரவாகச் சாறு புளித்துவிடும். ஊறாத வற்றல் பாணிலுள்ள ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். சில நாளில் பாண் வறண்டு போவதற்கு அதுவே முக்கியக் காரணம்.

பாதாமைக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்தால் தோல் கழன்றுவிடும். பாதியைப் பொடியாகவும் பாதியைச் சிறு துண்டுகளாகவும் ஆக்குங்கள். அதற்கு முன் ஒரு பருப்பை வாயில் போட்டுப் பாருங்கள். பாதாமின் எடையில் ஏறத்தாழப் பாதி கொழுப்பு. வெப்பமான கடைகளில் நீண்ட நாள் இருந்தால் அது காறிப்போகும். காறிய பருப்பின் சுவையை எந்த மசாலாவாலும் மறைக்க முடியாது. வாரக்கணக்கில் வைக்கப்போகும் பாணுக்கு இது இன்னும் முக்கியம்.

மாவும் ஈஸ்டும்

இந்தப் பாணில் ஈஸ்டுக்கு எல்லாமே எதிரி. பட்டர் மாவின் துகள்களில் படிந்து, குளூட்டன் என்ற புரத வலை உருவாவதைத் தடுக்கிறது. சீனி ஈஸ்டிடமிருந்து தண்ணீரைப் பறிக்கிறது. பழத்தின் பாரம் மாவைக் கீழே அழுத்துகிறது. ஆகவே எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுக் குழைத்தால் கல்தான் கிடைக்கும். ஜேர்மன் பேக்கரிக்காரர்களின் தீர்வு எளிமையானது. எதிரிகள் வருவதற்கு முன் ஈஸ்ட்டைப் பலப்படுத்துவதே அது.

மொத்த மாவில் 150 கிராமை எடுத்து, இளஞ்சூடான பால், ஈஸ்ட், ஒரு தேக்கரண்டி சீனி ஆகியவற்றோடு கலந்து மூடி வையுங்கள். குளிர்நாட்டில் இதற்கு ஒரு மணித்தியாலம் ஆகும். கொழும்பிலோ யாழ்ப்பாணத்திலோ 30 நிமிடம் போதும். கலவை இரு மடங்காகி, நடுப்பகுதி சற்று அமுங்கத் தொடங்கும்போது அது தயார்.

இப்போது மீதி மா, சீனி, உப்பு, மசாலா, தேசிக்காய்த் தோல், எசன்ஸ், பட்டரில் மூன்றிலொரு பங்கு ஆகியவற்றைச் சேர்த்துக் குழையுங்கள். முதலில் மிகவும் இறுக்கமாக இருக்கும். பயந்து பாலை ஊற்ற வேண்டாம். உலர்ந்த மா ஒட்டாமல் நின்றால் மட்டும் ஒரு மேசைக்கரண்டி சேர்க்கலாம். எட்டுப் பத்து நிமிடம் குழைத்த பின் மீதிப் பட்டரைத் துண்டு துண்டாகச் சேர்த்து, ஒவ்வொரு துண்டும் உள்ளே மறையும் வரை குழையுங்கள்.

பட்டர் விரலால் அழுத்தினால் குழி விழும் பதத்தில் இருக்க வேண்டும், உருகியிருக்கக் கூடாது. நம் சமையலறையில் பெரிய சவால் இதுதான். 30 பாகைக்கு மேல் வெப்பமுள்ள மதிய நேரத்தில் பட்டர் மாவுக்குள் நிற்காமல் எண்ணெயாக வெளியே கசியும். அதிகாலையில் குழைப்பது நல்லது. மா பளபளவென்று எண்ணெய் விட்டால் 15 நிமிடம் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துவிட்டுத் தொடருங்கள்.

குழைத்த மாவை மூடி 45 நிமிடம் வையுங்கள். சாதாரண பாண் மா போல இரு மடங்காகாது. சற்று உப்பியிருந்தால் போதும். பிறகு வற்றல், தோல், பாதாம் ஆகியவற்றைச் சேர்த்து ஓரிரு நிமிடம் மட்டும் கலக்குங்கள். அதிகம் குழைத்தால் வற்றல் நசுங்கி மா முழுவதும் மண்ணிறமாகிவிடும். மேலும் 15 நிமிடம் ஓய்வு கொடுங்கள்.

மடிப்பும் சூடும்

மாவை இரண்டாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் நீள்வட்டமாகத் தட்டுங்கள். நீளவாக்கில் நடுவே உருளையால் ஒரு பள்ளம் அழுத்தி, ஒரு பக்கத்தை மறுபக்கத்தின் மேல் மடியுங்கள். மேல் விளிம்பு கீழ் விளிம்பை முழுவதும் மூடாமல் சற்று உள்ளே நிற்க வேண்டும். வெளியே தெரியும் வற்றல்களைப் பிடுங்கி அடியில் செருகிவிடுங்கள். அவை ஓவனில் கருகிக் கசக்கும்.

எண்ணெய்க் கடதாசி விரித்த தட்டில் வைத்து 30 நிமிடம் விடுங்கள். ஓவனை 190 பாகை செல்சியசுக்குச் சூடாக்கி, பாணை உள்ளே வைத்ததும் 170க்குக் குறையுங்கள். ஏறத்தாழ 40 நிமிடம் ஆகும். சிறிய ஓவன்களில் மேற்பரப்பு விரைவாகச் சிவந்தால் அலுமினியத் தாளால் மூடலாம். நடுவில் குத்திய குச்சி ஈர மா ஒட்டாமல் வர வேண்டும். வெப்பமானி இருப்பவர்கள் பாணின் நடுப்பகுதி 92 பாகையை எட்டியதா என்று பார்க்கலாம்.

வெளியே எடுத்த உடனேயே, சூடு ஆறுவதற்குள், உருக்கிய பட்டரை இரண்டு மூன்று தடவை பூசுங்கள். பிறகு சீனியைத் தூவுங்கள். முழுவதும் ஆறிய பின் ஐசிங் சீனியைத் தடிப்பாகத் தூவுங்கள். இது அலங்காரம் மட்டுமல்ல. பட்டரும் சீனியும் சேர்ந்த அந்த உறை பாணின் ஈரத்தை உள்ளே பூட்டி வைக்கிறது. மாவுக்குள் குறைவாகவும் வெளியே அதிகமாகவும் சீனி இருப்பதன் காரணமும் இதுவே. ஈஸ்டுக்குத் தொல்லை கொடுக்காமல் இனிப்பைக் கொடுக்கும் வழி அது.

காத்திருப்பு

அன்றே வெட்டினால் ஏமாற்றமாக இருக்கும். பட்டர் ஒரு பக்கம், மசாலா ஒரு பக்கம் என்று சுவை தனித்தனியாக நிற்கும். ஜேர்மனியில் குளிர்ந்த உலர்ந்த அறையில் இரண்டு மூன்று வாரம் வைப்பார்கள். வற்றலின் ஈரமும் ரம்மின் மணமும் மெல்ல மாவுக்குள் பரவும். நத்தார் கேக்கை முன்கூட்டியே செய்து வைக்கும் நம் வழக்கத்தின் நியாயமும் இதுதான்.

ஆனால் டிசம்பர் டிரெஸ்டனின் குளிர் நமக்குக் கிடையாது. நுவரெலியாவில் இருப்பவர்கள் அலுமாரியில் வைக்கலாம். கரையோரத்தின் வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் பூஞ்சணம் பிடிக்கும். ஆகவே பாண் முழுவதும் ஆறிய பின், ஒரு நாள் கழித்து, கடதாசியாலும் அலுமினியத் தாளாலும் இறுக்கமாகச் சுற்றிக் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். குறைந்தது ஒரு வாரம் பொறுத்திருங்கள். உண்பதற்கு இரண்டு மணித்தியாலத்துக்கு முன் வெளியே எடுத்தால் இறுகிய பட்டர் இளகும். ஐசிங் சீனி ஈரத்தில் கரைந்திருந்தால் மீண்டும் தூவிக்கொள்ளலாம். பருப்பு ஒவ்வாமை உள்ள விருந்தினர் இருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். வெளியிலிருந்து பார்த்தால் உள்ளே பாதாம் இருப்பது தெரியாது.

கடைசியாக, வெட்டும் முறை. நாம் பாணை ஓரத்திலிருந்து வெட்டுவோம். ஷ்டொலனை நடுவில் வெட்டுவார்கள். நடுவிலிருந்து தேவையான துண்டுகளை எடுத்த பின், மீதியுள்ள இரண்டு பாதிகளையும் ஒன்றோடொன்று நெருக்கி வைத்துச் சுற்றிவிடுவார்கள். வெட்டிய முகங்கள் ஒன்றையொன்று மூடிக்கொள்வதால் பாண் காய்வதில்லை. பட்டருக்கு வரி கட்டியவர்களும், பொதிக்காகக் காத்திருந்தவர்களும் தங்கள் ஒரே ஷ்டொலனைப் பல நாள்களுக்கு நீட்டிய வழி அதுதான். ஒரு துண்டு மெல்லியதாக, ஒரு கோப்பை தேநீரோடு போதும். மிச்சம் நாளைக்கும் இருக்கும்.